திருவாசகத்திற் பத்தாந் திங்கள்

சைவர் இல்லந்தோறும் ஓதப்பெறும் அருட்பாக்களுள் போற்றித் திருவகவலும் ஒன்று. திருவாசகத்தின் நான்காம் பகுதியாகிய அவ்வகவலின்கண், ஓருயிர் தாய் வயிற்றிற் புகுந்த நாள் தொடங்கி, பிறந்து, வளர்ந்து, அருள்நெறி தலைப்படுங்காறும் தப்பி வந்த இடர்களையெல்லாம் மணிவாசகப் பெருமான் நிரல்படுத்து அருளிச் செய்தார். அந்நிரலுள் கருவிருந்த பத்துத் திங்களைக் கூறும் பகுதி, ஓதுவார் பலரால் விரைந்து கடக்கப்படுகின்றது. விரிவுரை செய்வார் சிலராலோ பெண்ணுடம்பை இகழ்தற்கு வாய்த்ததொரு கருவியாகக் கொள்ளப்படுகின்றது. கருப்பை என்பது புழுவும் மலமும் செறிந்ததோர் இருட்சிறை என்றும், அதன்கண் இருந்தமையே உயிர்க்கு நேர்ந்த பேரிழிவு என்றும், அடிகள் அருவருப்பினாலேயே அதனை எடுத்தோதினார் என்றும் அவர் மேடைகளிற் கூறுப. அவையிலிருந்து கேட்கும் சூல்கொண்ட மகளிர் தலைகவிழ்ந்து எழுந்து செல்வர். இவ்வுரை அடிகள் திருவுள்ளத்திற்கு ஒத்ததுதானா என்பது ஆராயற்பாலது.

முதற்கண் அப்பகுதியின் அமைப்பைக் காண்க. யானை முதல் எறும்பு வரையுள்ள பல்வகைப் பிறவிகளினின்றும் தப்பியமை முன்னர்க் கூறப்படுகின்றது. பின்னர் மானுடக் கருவில் நேரும் இடர்கள் திங்கள்தோறும் எண்ணப்படுகின்றன. அவ்வெண்ணிக்கை பிறப்போடு முடிந்து விடவில்லை. பிறந்தபின் வரும் பசி, உறக்கம், காமம், கல்வி, செல்வம், வறுமை என்பனவும், தெய்வம் உண்டென்னும் எண்ணம் தோன்றிய பின்னர் வந்து மோதும் பிறசமய வழக்குகளும், மாயாவாதமும், உலோகாயதமும் அதே நிரலில் வைக்கப்படுகின்றன. இவற்றுட் பலவற்றிற்கும் அடிகள் ஆண்ட வினை பிழைத்தல் என்னும் ஒன்றேயாம்.

இவ்வினைச்சொல்லின் பொருளில்தான் வழக்கு முழுதும் தங்கியிருக்கின்றது. பிழைத்தல் என்பதற்குத் தவறு செய்தல் என்பது ஒரு பொருள். இடரினின்றும் தப்பி உயிர்வாழ்தல் என்பது மற்றொரு பொருள். ஈண்டுப் பின்னதே பொருளாதல் வெளிப்படை. அற்றாக, தப்பப்பட்ட பொருளெல்லாம் அருவருக்கத்தக்கன என்று கொள்வார்க்கு ஒரு வினா எழும். கல்வியும் செல்வமும் அதே வினையால் முடிக்கப்பட்டுள்ளன, அவையும் அருவருக்கத்தக்கனவோ? கல்வியை இகழ்தல் அடிகள் கருத்தென்று அவ்விரிவுரையாளரும் சொல்லத் துணியார். ஆகலின், இடர் என்று எண்ணப்பட்டமை கொண்டு இழிவு என்று துணிதல் பொருந்தாது. கடலைக் கடந்து கரை சேர்ந்தான் ஒருவன் தான் தப்பிய அலைகளை எண்ணிச் சொல்வானாயின், அஃது அலையை வைதலன்று. தன்னைக் கரையேற்றிய கலத்தையும் மீகாமனையும் வாழ்த்துதலேயாம். அகவலின் பெயரே போற்றி என்பதாகலின், அதன்கண் உள்ள ஒவ்வோர் இடரும் திருவருளின் காவற்குச் சான்றாக நிற்கின்றது என்க.

இனி, நுணுகி நோக்குவார்க்கு மற்றோருண்மை புலனாகும். முதற்றிங்கள் தொடங்கி ஒன்பதாந் திங்கள்காறும் ஒவ்வொரு திங்கட்கும் ஓரோர் அடியே வகுக்கப்பட்டுள்ளது. பத்தாந் திங்கட்கு மட்டும் இரண்டடி. ஏனைத் திங்களின் இடர்களெல்லாம் கருவுயிர்க்கு மட்டுமே உரியனவாகக் கூறப்பட்டன. அவற்றின்கண் தாய் என்பாள் கருவிருந்த இடமாக மட்டுமே நிற்கின்றாள். பத்தாந் திங்களிலோ, குழவி படும் துயரைத் தாயும் உடன்படுகின்றாள் என்று அடிகள் வெளிப்படையாகவே அருளிச்செய்தார். அத்துயரைக் கடலாகவும் உருவகித்தார். இடமாக இருந்தவள் ஈண்டுத் துணையாகின்றாள். உயிர் இவ்வுலகிற் பெறும் முதல் துணை தாயே என்பதும், அத்துணை துயரில் உடனிருத்தலாகவே தொடங்குகின்றது என்பதும் இதனாற் பெறப்படும்.

அற்றன்று, எதுகை மோனை பற்றி வந்த சொற்களை இத்துணை நுணுகிப் பொருள்செய்தல் மிகை எனின், கூறுதும் என்று மறுப்பார்க்கு விடை இது. எதுகைக்காகவே அடிகள் பாடினாராயின், ஒன்பதாந் திங்களைப் போலவே பத்தாவதையும் ஓரடியில் முடித்திருத்தல் எளிது. தாயைச் சேர்த்தற்கென்றே அடி நீண்டது. சொல்லின் சுருக்கத்திற் பெயர்பெற்ற ஆசிரியர் ஓரிடத்தே நின்று விரித்தாராயின், அவ்விடத்தே கற்பாரும் நிற்றல் வேண்டும்.

பிற நூல்களோடு ஒப்பிட்டுக் காணின் இதன் அருமை இன்னும் விளங்கும். வடமொழிக் கருப்போபநிடதம் கருவின் வளர்ச்சியைத் திங்கள் முறையே கூறுவது. ஒன்பதாந் திங்களில் உறுப்பெல்லாம் நிரம்பப்பெற்ற உயிர் தன் பழம்பிறவிகளையும் வினைகளையும் நினைந்து, இச்சிறையினின்றும் விடுபடின் மகேசுரனை அடைக்கலம் புகுவேன் என்று உறுதி பூணுகின்றது என்றும், பிறந்தவுடன் அந்நினைவு மறைகின்றது என்றும் அந்நூல் கூறும். அது பெருங் கருத்தேயாயினும், ஆண்டு உயிர் தனித்தே நினைகின்றது. தாயின் துயர் பேசப்படவில்லை. திருமந்திரத்தின் இரண்டாந் தந்திரத்துக் கர்ப்பக் கிரியை என்னும் பகுதியோ, கருவைப் படைத்துக் காக்கும் இறைவன் செயலை விரித்துரைக்கின்றது. அதன்கண் தாயின் வயிற்று நிலைக்கேற்பக் குழவிக்குக் குறைகள் நேரும் என்னும் கருத்தும் காணப்படுகின்றது. தாயின் வயிற்றில் மலமும் நீரும் மிகுதலால் குழவி மந்தனாகவும் ஊமையாகவும் பிறக்கும் என்பதை இக்கால மருத்துவம் உடன்படாது. அதனைச் சான்றாகக் காட்டிக் குறையுடைய மகவைப் பெற்ற தாயைப் பழித்தல் பெருங்கொடுமை. தாயின் உடல்நலமே குழவியின் நலம் என்னும் பொதுவுண்மையை அதனினின்று எடுத்துக்கொள்ளுதலே தகுதி.

பட்டினத்தடிகளைப் பற்றியும் ஒரு சொல். உடம்பின் இழிவை அவரினும் கடிந்து கூறினார் அரியர். அவரே, தம் அன்னை இறந்த ஞான்று ஈமத்தின்முன் நின்று, தம்மைப் பத்துத் திங்கள் சுமந்து உடல் முழுதும் நொந்து பெற்ற பெருமையை நினைந்து நைந்து பாடினார். உடம்பை வெறுத்த துறவியும் அவ்வுடம்பைச் சுமந்தாளை வெறுக்கவில்லை. கருப்பையை இகழ்தற்குத் துறவிகளைச் சான்று காட்டுவார் இதனை மறந்தனர் போலும்.

சித்தாந்த முறையாலும் அவ்விகழ்ச்சி நில்லாது. உடம்பு, கருவி, உலகம், நுகர்ச்சி என்னும் நான்கும் ஆணவ மலத்தால் மறைப்புண்ட உயிர்க்கு அம்மலம் நீங்குதற்பொருட்டு இறைவனால் மாயையினின்றும் தோற்றித் தரப்படுவன என்பது சைவர் துணிபு. நால்வகைத் தோற்றத்து எண்பத்துநான்கு நூறாயிரம் பிறப்புக்களையும் கடந்து மக்களாய்ப் பிறத்தல், கடலைக் கையால் நீந்திக் கரையேறுதலோடொக்கும் என்று சிவஞான சித்தியார் கூறும். அத்தகைய அரும்பேறாகிய உடம்பை அருள் செய்து முடிக்கும் இடம் தாயின் வயிறாயின், அதனை அருளின் பணிக்களம் என்று சொல்லுதலே முறை.

இனி, அடிகள் எண்ணிய பத்துத் திங்கள் எவை என்பதும் ஆராய்தற்குரியது. ஆங்கில முறையில் ஒன்பது மாதம் என்றும், தமிழ் முறையில் பத்து மாதம் என்றும் வழங்குதல் கண்டு இரண்டனுள் ஒன்று பிழை என மயங்குவார் உளர். மதி, திங்கள் என்னும் சொற்கள் நிலவின் கணக்கைக் குறிப்பன. இருபத்தெட்டு நாளை ஒரு திங்களாகக் கொள்ளின், பத்துத் திங்கள் 280 நாள், அஃதாவது 40 வாரமாம். இக்கால மருத்துவரும் கடைசி மாதவிலக்கின் முதல் நாளிலிருந்து 280 நாளே எண்ணுகின்றனர். ஆயினும், குறித்த அந்நாளிலேயே மகப்பெறுவார் நூற்றுவருள் ஏறத்தாழ ஐவர் அளவினரே. 37 வாரம் நிரம்பியபின் 42 வாரத்திற்குள் எந்நாளிற் பிறப்பினும் அது காலப்பிறப்பேயாம். எனினும் 41 வாரம் கடந்தால் நஞ்சுக்கொடியின் ஆற்றல் குறையத் தொடங்குமாகலின், மருத்துவர் கண்காணிப்பின்றிக் காத்திருத்தல் தகாது.

எட்டாந் திங்களைப் பற்றிய நாட்டு வழக்கு ஒன்றும் ஈண்டு ஆராயத்தகும். ஏழாம் மாதத்துப் பிள்ளை பிழைக்கும், எட்டாம் மாதத்துப் பிள்ளை பிழையாது என்பர். எட்டாந் திங்களில் ஓசசு என்னும் உயிராற்றல் தாய்க்கும் கருவிற்குமிடையே நிலையின்றி இயங்கும் என்று சரகர் நூல் கூறியதும் இவ்வழக்கிற்கு அரணாகக் காட்டப்படும். இது மெய்யன்று. கருவறையில் ஒவ்வொரு வாரம் மிகுந்தோறும் நுரையீரலும் மூளையும் முதிர்கின்றன; ஆகலின் எட்டாந் திங்களிற் பிறந்த குழவி ஏழாந் திங்களிற் பிறந்ததனினும் பிழைத்தற்கு வாய்ப்பு மிகுதியும் உடையது. அவ்வழக்கை நம்பி, எட்டாந் திங்களில் வலி கண்டாளை மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லாது கைவிடுதல் கொலையோடொக்கும். அடிகளோ, ஏழாந் திங்களிற் குழவி நிலத்தில் வீழும் இடரையும், எட்டாந் திங்களில் வருத்தத்தையும் எண்ணினாரேயன்றி, எட்டாந் திங்கட் குழவி பிழையாதென்று யாண்டும் கூறினாரல்லர். அதனினின்றும் தப்பியமையையே கூறினார்.

ஒன்பது பத்தாந் திங்களில் தாய் படும் துயர் எத்தன்மைத்து என்பதை அறியாதார்க்கு அடிகள் வாக்கின் ஆழம் புலனாகாது. கடைசி வாரங்களில் குழவியின் தலை இடுப்பெலும்பின் வளையத்துள் இறங்குகின்றது. இதனையே மகளிர் வயிறு இறங்கிற்று என்பர். மூச்சு ஒருவாறு எளிதாகும்; ஆயின் சிறுநீர் அடிக்கடி கழியும்; நடத்தல் அரிதாகும்; இடுப்பும் முதுகும் நோம்; எப்பக்கம் சாய்ந்தும் உறக்கம் வாராது; கால்கள் சிறிது வீங்கும். இடையிடையே வயிறு இறுகி நெகிழும். ஒழுங்கின்றி வந்து, ஓய்வு கொண்டால் அடங்குவது பொய்வலி. ஒழுங்காக வந்து, இடைவெளி குறைந்து, வரவர மிகுவது மெய்வலி. சிறிது குருதி கலந்த சளி போன்ற நீர் வெளிப்படுதலும், பனிக்குடம் உடைதலும் பேறு அணித்தாயதற்கு அடையாளமாம்.

இவை இயல்பான துயர்கள். இயல்பல்லாதனவும் உள. குருதிப் பெருக்கு, தாங்கொணாத் தலைவலி, கண் மங்கல், முகமும் கையும் திடீரென வீங்குதல், வலிப்பு, காய்ச்சல், பனிநீர் பசுமை நிறமாக ஒழுகுதல் என்பவற்றுள் ஒன்று காணினும் பொழுது தாழாது மருத்துவரை அடைதல் வேண்டும். பேறு நெருங்குங்காற் குழவி துள்ளல் அடங்கும் என்று முதியோர் சிலர் தேற்றுவர். அத்தேற்றம் கேடு பயப்பது. இறுதிநாள் வரையிலும் குழவியின் அசைவு குறைதலாகாது. குறையின் அதுவே எச்சரிக்கையாம். இத்தனையும் அறிந்தபின் பத்தாந் திங்களைக் கடல் என்ற உருவகம் புனைந்துரை அன்றென்பது தெளியப்படும். அக்கடலில் இருவர் இருக்கின்றனர். ஒருவர் மூழ்கின் மற்றவர் கரையேறுதல் அரிது.

இவ்விருவருள் ஒருவரே கரையேறிய வரலாறு பெரியபுராணத்தில் உளது. சுபதேவனும் அவன் தேவி கமலவதியும் தில்லையில் வழிபட்டு மகப்பேறு வேண்டினர். திருவானைக்காவில் இறைவன் திருமேனிமேற் சருகு உதிராவாறு வலையால் விதானம் இழைத்து வழிபட்ட சிலந்தி, திருவருளால் அவ்வம்மையின் வயிற்றில் வந்தது. கருவுயிர்க்கும் பொழுதில், ஒரு நாழிகை கழித்துப் பிறப்பின் இக்குழவி மூவுலகும் ஆளும் என்று சோதிடர் உரைத்தனர். அது கேட்ட அம்மை, தன் கால்களைக் கட்டித் தலைகீழாகத் தூக்குமாறு பணித்தாள். குறித்த நாழிகை வந்தபின் அவிழ்த்து விடப்பட்டு மகவை ஈன்றாள். சிவந்த கண்ணுடைய மகவைக் கண்டு அன்பொழுக அழைத்தாள். உடனே உயிர் நீத்தாள். அக்குழவியே கோச்செங்கட் சோழ நாயனார்.

இதனைத் தாய்மையின் ஈகத்திற்கு எடுத்துக்காட்டாகப் புகழ்வார் பலர். அவ்வம்மையின் அன்பை யாரும் குறைகூறார். ஆயின், நாளும் கோளும் பார்த்து மகப்பெறுதற்கு இவ்வரலாற்றைச் சான்றாக்குதல் சேக்கிழார் கருத்துக்கு முரணாம். என்னையெனின், குழவியின் அரசும் திருத்தொண்டும் ஒரு நாழிகையால் வந்தன என்று அவர் கூறவில்லை. சிலந்தியாய்ச் செய்த வழிபாட்டிற்கு இறைவன் முன்னரே அருளிய பேறு அது. தொண்டால் வந்த பயனைச் சோதிடத்தின்மேல் ஏற்றுதல், அடியார் பெருமையை நாழிகை வட்டிலில் அளத்தலாகும். மேலும், அரசன் பிறந்தான் என்பதை மட்டும் கூறி நில்லாது, தாய் இறந்தாள் என்பதையும் மறையாது கூறிய சேக்கிழார் பெருமானின் நேர்மையைக் கருதுக. இருபத்துநான்கு நிமிடத்திற்குக் கொடுத்த விலை ஓருயிர் என்பதை அவர் கணக்கில் எழுதியே வைத்தார்.

இக்காலத்தே கால்களைக் கட்டுவார் இலர். ஆயினும், நல்ல ஓரை வேண்டி, காலம் நிரம்புமுன் நாள் குறித்து வயிற்றை அறுத்துக் குழவியை எடுக்கச் செய்வாரும், மருத்துவர் இன்றே என்று சொல்லியும் அட்டமி நவமி கழியட்டும் என்று தாழ்ப்பாரும் உளர். தாய்க்கோ சேய்க்கோ இடர் உள்ளவிடத்து அறுவை உயிர்காக்கும் அருமருந்தேயாம். அதனை யாரும் பழியார். காரணமின்றி 39 வாரத்திற்கு முன்னர் எடுக்கப்படும் குழவிக்கு மூச்சுத் திணறல் நேர்தல் மிகுதி. வேண்டுங்கால் செய்யாது தாழ்த்தலோ இருவர்க்கும் இறுதி பயக்கும். நாளும் கோளும் அடியாரை நலியா என்னும் உறுதியை நாட்டவே ஆளுடைய பிள்ளையார் கோளறு திருப்பதிகம் அருளிச்செய்தார். அப்பதிகத்தை நாளும் ஓதுவார் வீட்டில் ஓரைக்காகத் தாயின் உயிர் பணயம் வைக்கப்படுமாயின், ஓதியது நாவளவில் நின்றது என்பதன்றி வேறென் கூறுவது?

தாமதத்தின் மற்றொரு வரலாறு திருச்சிராப்பள்ளியில் உளது. பேறுகாலத்தில் உதவ வரும் தாய், காவிரி வெள்ளத்தால் அக்கரையில் தடையுண்டாள். இக்கரையில் மகள் வலியாற் கலங்கினாள். மலைமேல் எழுந்தருளிய செவ்வந்திநாதர் அத்தாயின் வடிவிலேயே வந்து மருத்துவம் பார்த்து, வெள்ளம் வடியுங்காறும் உடனிருந்தார். அதனால் தாயுமானவர் என்னும் திருப்பெயர் பெற்றார். சைவ எல்லப்ப நாவலர் இயற்றிய செவ்வந்திப் புராணம் இத்தலத்தின் பெருமையைக் கூறும் நூலாம். இறைவன் ஈண்டு ஓரை பார்க்கவில்லை. தீட்டென்று விலகி நிற்கவுமில்லை. குருதியும் நீரும் உள்ள அவ்விடத்திலேயே கைதொட்டு ஏவல் செய்தான். கருப்பையை அருவருத்துப் பேசும் விரிவுரையாளர் அம்மலையின் படியேறுங்கால் இதனை நினைவாராக.

பேறுகாலத்தில் மகளிர் இறத்தற்குரிய காரணங்களை ஆராய்ந்த அறிஞர் இருவர், 1994-ஆம் ஆண்டில் மூன்று தாமதங்களை வகுத்துரைத்தனர். உதவி நாடத் துணிதலில் தாமதம், உதவியுள்ள இடத்தைச் சென்றடைதலில் தாமதம், சென்றபின் தக்க மருத்துவம் கிடைத்தலில் தாமதம் என்பன அவை. சிராப்பள்ளி வரலாற்றில் வெள்ளம் இரண்டாவதன் பாற்படும். சோதிடர் சொற்கேட்டு நின்றது முதலாவதன் பாற்படும். வழியின் தாமதத்தைக் குறைத்தற்கு இக்காலத்திற் சாலையும் உண்டு. தமிழ்நாட்டில் 2008 முதல் 108 என்னும் எண்ணிற்கு அழைத்தால் ஊர்தியும் வரும். துணிதலின் தாமதமோ வீட்டிலுள்ளார் நெஞ்சில் இருக்கின்றது. அதனை நீக்குதல் எவ்வரசாலும் ஆவதன்று. கேள்வியாலும் அறிவாலுமே ஆவது.

வழிபாடு வேண்டாவோ எனின், வேண்டும். திருக்கருகாவூரில் கருக்காத்த அம்மையை வணங்கி, நற்பேற்றிற்கென எண்ணெய் பெற்று வரும் மகளிர்க்கு அது நெஞ்சுறுதி தருகின்றது. அச்சம் நீங்கிய தாய்க்கு அவ்வுறுதியும் ஒரு துணையே. ஆயின், தாயுமானவர் வரலாறு உணர்த்துவது யாது? திருவருள் உதவிக்கு வரும் ஆள் வடிவில் வரும் என்பதே. மருத்துவச்சியின் கையும், செவிலியின் விழிப்பும், இரவில் ஊர்தியோட்டுவான் கண்ணும் அவ்வருளின் வடிவங்களே என்று கொள்வார் மருத்துவத்தைத் தெய்வத்திற்குப் பகையாக நிறுத்தார்.

இவ்வாற்றான், போற்றித் திருவகவலின் அப்பகுதி பெண்ணுடம்பின் இகழ்ச்சி அன்றென்பதும், திருவருட்காவலின் போற்றியே என்பதும், பத்தாந் திங்களுக்கு மட்டும் அடிகள் அளித்த ஈரடியும் தாய்க்குரிய பங்கென்பதும் நிறுவப்பட்டன. அதனை ஓதும் ஆடவர், தம்மைப் பெற்றாள் அக்கடலை ஒருகால் கடந்தாள் என்பதையும், தம் இல்லத்தில் ஒருத்தி இன்று அதனுள் இறங்கி நிற்றல் கூடும் என்பதையும் உணர்ந்து ஓதுவாராக. சூல்முதிர்ந்த மகளிர் அவையிலிருப்பின், அப்பகுதியை உரைப்பார் குரல் தாழ்த்தி, நெஞ்சு நெகிழ்ந்து, வாழ்த்தாக உரைப்பாராக. கேட்ட அம்மகளிர் தலைநிமிர்ந்து வீடு செல்வராயின், அன்றே அவ்வுரை மணிவாசகர் உரையாம்.

திருச்சிற்றம்பலம்.